இறந்தவர் கணக்கு

கியோத்தோ, உசுமாசா, நான்காம் எண் தளம்.
செத்தவர்களை நினைவில் வைத்திருப்பது என் வேலை.
பன்னிரண்டாம் ஷாட்டில் விழுந்தவன்
பதிமூன்றாம் ஷாட்டில் இடம் மாறிக் கிடக்கக் கூடாது.
இடது கை மேலே, செருப்பு ஒன்று கழன்று,
முகம் கிணற்றுப் பக்கம்
என்று எழுதிவைப்பேன்.
கோடு போட்ட நோட்டு, இரண்டு பென்சில்,
கழுத்தில் நிறுத்துக் கடிகாரம்.

அன்று மாலைக்குள் இருபத்தேழு பேர் சாகவேண்டும்.
பதினொரு மணிக்கே பத்தொன்பது முடிந்துவிட்டது.

ரத்தம் என்பது சாக்லேட் பாகு.
கறுப்பு வெள்ளையில் அதற்குத்தான் அந்தக் கனம் வரும்.
ஈ மொய்க்கும்.
செத்தவர்கள் ஈ ஓட்ட முடியாது.
இயக்குநருக்கு அது பிடித்திருந்தது.

அவருக்குப் பிடிக்காதது புறப்புண்.
யாருக்கும் முதுகில் வெட்டு விழக் கூடாது,
கெட்டவனுக்கும்கூட.
நெஞ்சைக் கொடுத்து, பல்லைக் கடித்து,
நான்கு விநாடி நின்று
பிறகு சாயவேண்டும்.
மானம் நான்கு விநாடி. அளந்திருக்கிறேன்.
நாயகன் வாளைத் துடைத்து உறையில் இட
ஏழு.

நாயகனுக்கு வயது இருபத்தாறு.
போர் முடிந்தபோது பள்ளிக்கூடத்துப் பையன்.
அவன் வாளைச் செருகும் அழகைப் பார்க்க
ஒப்பனை அறைப் பெண்கள் வந்து நிற்பார்கள்.
நானும்தான், பொய் எதற்கு.

இருபதாவது ஆள் உராபே ஜின்பெய்.
எட்டு வருடமாக வெட்டுப்படுகிறவர்,
பெயர்ப்பட்டியலில் வந்ததில்லை.
தரையில் விழுந்தால் ஒரு கூலி,
படிக்கட்டு என்றால் கொஞ்சம் கூட,
ஆறு என்றால் குளியல் காசும் சேர்த்து.

முதல் டேக்கில் விக் கழன்றது.
இரண்டாவதில் மேலே விமானம் போனது.
மூன்றாவதில்
வாள் காற்றை அறுத்ததும்
அவர் நிற்கவில்லை. அந்த இடத்திலேயே உட்கார்ந்தார்,
சந்தையில் இறக்கிவைத்த மூட்டைபோல.
யாரோ தவறான பொட்டலத்தைக் கையில் கொடுத்துவிட்டதுபோல்
சுற்றிலும் பார்த்தார்.
ஒரு கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய்
எதையோ தேடினார். எட்டவில்லை.
பிறகு ஊர்ந்தார்,
புல்லைப் பற்றி, சட்டகத்தைத் தாண்டி,
விளக்கு வயர்களின்மேல்,
ஒரே சொல்லைச் சொல்லிக்கொண்டு:
இனாய். இனாய்.

நாயகன் வாளைத் துடைக்க மறந்து நின்றான்.

இயக்குநர் கத்தவில்லை.
"என்ன வார்த்தை அது?"
ஜின்பெய் எழுந்து முழங்காலைத் தட்டிக்கொண்டார்.
"மன்னியுங்கள். நாக்குப் புரண்டுவிட்டது."

நான்காவது டேக் சரியாக வந்தது.
நெஞ்சு, பல், நிற்றல், சரிவு.

சாப்பாட்டு வேளையில் செத்தவர்கள்
மதிலோரம் வரிசையாக உட்கார்ந்து
ஆறிய சோறு தின்றார்கள்.
ஒரு தீக்குச்சியில் மூன்று பேர் பற்றவைத்தார்கள்.
நான் நோட்டோடு போனேன்.
"வெட்டு முன்னால். கை ஏன் பின்னால் போனது?
காரணம் எழுதவேண்டும்."

ஊறுகாய்த் துண்டை ஓரமாக ஒதுக்கினார்.

லூசோன் தீவு. நாற்பத்தைந்து. ஒரு சோளக் கொல்லை.
என் துப்பாக்கி முனையில் கத்தி.
அவன் கையில் வாள் இல்லை, வாளி.
தண்ணீருக்குப் போய்க்கொண்டிருந்தான், என்னைப் பார்க்கவே இல்லை.
அந்தச் சொல்லை ஏதோ ஊர்ப் பெயர் என்றே நினைத்திருந்தேன்.
பத்து வருடம் கழித்து கோபே துறைமுகத்தில்
கப்பல் சமையல்காரன் ஒருவனைக் கேட்டேன்.
அம்மா என்று அர்த்தமாம்.

அவ்வளவுதான் சொன்னார்.
ஒதுக்கிய ஊறுகாயை எடுத்துத் தின்றார்.

நோட்டில் எழுதினேன்:
டேக் மூன்று. ஆகாது.
காரணம், வசனத்தில் இல்லாத சொல்.
நேரம் என்ற கட்டத்துக்கு வந்தபோதுதான்
கடிகாரத்தைப் பார்த்தேன்.
மூன்றாவது டேக்கில் அழுத்தியதை
நிறுத்தவே இல்லை நான்.
நான்காவதற்குப் பழக்கத்தில்
நான்கு என்று போட்டிருந்தேன்.

முள் சுற்றிக்கொண்டிருந்தது.

மணி அடித்தது.
இருபத்தோராவது ஆள்
வாயைத் துடைத்துக்கொண்டு
சாக எழுந்தார்.